திருமலையில் வழக்குக்குக் கூட வருகிற அக்காமார்: அங்கே போன ஒருத்தி எழுதுகிறேன்

திருகோணமலையில், பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களோடு முறைப்பாடு போடுகிற நாளிலிருந்து தீர்ப்பு வருகிற நாள்வரை கூடவே வருகிற ஒரு சின்ன நிலையம் இருக்கிறது. நான் அங்கே போனவள், இப்பவும் போய்க்கொண்டிருக்கிறவள். நிலாவெளியில் எந்தக் கடையில் நண்டுக்கறி நல்லது, புறாத்தீவுக்கு எந்தப் படகுக்காரர் நியாயமான காசு கேட்பார் என்றெல்லாம் எழுத எத்தனையோ பேர் இருக்கிறார்கள். இப்படியொரு சேவையை நம்பிப் போகலாமா, போனால் என்ன நடக்கும் என்று எழுத ஆளில்லை. எழுதினால் 'உனக்கு அங்கே என்ன அலுவல்' என்று ஊர் கேட்கும். கேட்கட்டும். எனக்கு அங்கே அலுவல் இருந்தது, இன்னும் முடியவில்லை.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், தேவைப்பட்டால் போங்கள். குறைகள் இருக்கின்றன, அதில் ஒன்றிரண்டு என்னை நன்றாகவே நோகடித்தவை, அவற்றையும் மறைக்காமல் எழுதுகிறேன். ஆனாலும் போங்கள்.

நிலையத்தின் பெயரையும் தெருவையும் நான் போடவில்லை, அவர்கள் கேட்டுக்கொண்டது அது. பஸ் ஸ்டாண்டில் இறங்கி எந்தப் பக்கம் நடக்கிறாள் என்று பார்க்கவே ஆட்கள் இருக்கிற ரவுண் இது. வாசலில் பலகை இல்லை. முன் அறையில் உண்மையாகவே தையல் வகுப்பு நடக்கிறது, அயலட்டை அதைத் தையல் வீடு என்றுதான் நினைத்துக்கொண்டிருக்கிறது. இப்படியான இடங்களுக்கு வழி கேட்க வேண்டுமென்றால் உங்கள் பிரதேச செயலகத்தில் இருக்கிற பெண்கள் அபிவிருத்தி உத்தியோகத்தரிடம் தனியாகப் போய்க் கேளுங்கள். போனில் கேட்பதென்றால் பெண்களுக்கான உதவி இலக்கம் 1938, பிள்ளைகள் சம்பந்தப்பட்டதென்றால் 1929. பேர் ஊர் போடாமல் எழுதுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. பாதிக்கப்பட்ட ஒருவரை அடையாளம் காட்டுகிற எதையும் பிரசுரிப்பது எங்கள் தண்டனைச் சட்டக்கோவையில் 365சி பிரிவின் கீழ் குற்றம், ஃபேஸ்புக்கில் படத்தோடு 'நீதி வேண்டும்' என்று போடுகிற தம்பிமாருக்கும் இது பொருந்தும் என்பதைத் தயவுசெய்து மனதில் வையுங்கள்.

இதை நடத்துகிற அக்காவும் பாதிக்கப்பட்டவர்தான். ஒளித்து வைப்பதில்லை, முதல் நாளே ஒரு வசனத்தில் சொல்லிவிடுவார்: "எனக்கும் நடந்தது பிள்ளை, நானும் வழக்குப் போட்டன், வழக்கு முடியிறதுக்குள்ள என்ர மகன் பள்ளிக்கூடம் முடிச்சிட்டான்." அதற்கு மேல் தன் கதையைப் பேசமாட்டார், உங்கள் நேரத்தைத் தன் கதையால் நிரப்பமாட்டார். அவர் சட்டத்தரணி இல்லை, பெரிய படிப்பும் இல்லை. தன்னுடைய ஒவ்வொரு வழக்குத் தவணைக்கும் தனியாக வந்து, எதிரியின் ஆட்கள் நிறைந்து நிற்கிற வராந்தாவில் தூணோடு சாய்ந்து நின்று, பேர் கூப்பிடும்வரை நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவர். அந்த நிலைமை இன்னொருத்திக்கு வரக்கூடாது என்று தொடங்கினார். இப்போது அவரோடு கிண்ணியாவிலிருந்து வருகிற ஒரு முஸ்லிம் ராத்தா, ஓய்வுபெற்ற ஒரு ரீச்சர், தமிழும் சிங்களமும் சரளமாகப் பேசுகிற ஒரு தங்கச்சி என்று சிலர் இருக்கிறார்கள்.

நான் போன முதல் நாள் 'என்ன நடந்தது' என்று ஒருவரும் கேட்கவில்லை. இதை ஏன் அழுத்தி எழுதுகிறேன் என்றால், அதற்கு முன் நான் போன இடமெல்லாம் அதுதான் முதல் கேள்வி, அதுவும் ஒரு மேசையில் சொல்லி முடிய அடுத்த மேசைக்கு அனுப்பி அங்கேயும் முதலில் இருந்து சொல்லச் சொல்வார்கள். அக்கா கேட்டது வேறு. "சாப்பிட்டனீங்களோ? இண்டைக்கு ராவைக்கு எங்க படுப்பீங்கள்? அந்த ஆள் உங்கட வீட்டுக்கு வந்துபோகக்கூடிய ஆளோ?" கடைசிக் கேள்விக்கு நான் தலையாட்டினதும், பேசிக்கொண்டிருந்ததை அப்படியே நிறுத்திவிட்டு, அன்றிரவு நான் எங்கே தங்குவது, அம்மாவுக்கு என்ன சொல்வது என்பதைத்தான் முதலில் ஒழுங்குபண்ணினார்கள். மற்றதெல்லாம் அடுத்த நாள்தான்.

அடுத்த நாள் என் முன்னால் என்னென்ன வழி இருக்கிறது என்று ஒரு தாளில் எழுதிக் காட்டினார்கள். முறைப்பாடு போடலாம். இப்போது போடாமல் பிறகு போடலாம். வைத்தியம் மட்டும் செய்துகொண்டு விடலாம். எதைத் தெரிவுசெய்தாலும் கூட வருவோம், ஒன்றையும் தெரிவுசெய்யாவிட்டாலும் வந்து இருந்து பிளேன்டீ குடித்துவிட்டுப் போகலாம். இந்த இடத்தில்தான் இந்த நிலையம் மற்ற இடங்களை விட எனக்குப் பெரிதாகத் தெரிந்தது. வீட்டில் 'வழக்குப் போட்டால் குடும்ப மானம் போகும்' என்றார்கள், வெளியில் ஒரு கூட்டம் 'நீ வழக்குப் போடாவிட்டால் அவன் இன்னொருத்தியைத் தொடுவான்' என்றது, இரண்டு பக்கமும் என்னைத் தங்கள் பக்கம் இழுத்ததே தவிர எனக்கு என்ன வேண்டும் என்று கேட்கவில்லை. அக்கா கேட்டார். கேட்டுவிட்டு நான் பதில் சொல்ல எடுத்த வாரக்கணக்கைப் பொறுத்துக்கொண்டார்.

இதை வாசிக்கிற யாருக்காவது உடனடியாகத் தேவைப்படலாம் என்பதால் அந்தத் தாளில் இருந்த வைத்திய விசயத்தை இங்கேயே எழுதிவிடுகிறேன். நடந்து 72 மணித்தியாலத்துக்குள் ஆஸ்பத்திரிக்குப் போனால் எச்.ஐ.வி. தொற்றாமல் தடுக்கிற மருந்தைத் தொடங்கலாம். அவசர கருத்தடை மாத்திரை 120 மணித்தியாலம்வரை எடுக்கலாம், ஆனால் எவ்வளவு கெதியாக எடுக்கிறோமோ அவ்வளவு பலன். முடிந்தால் குளிக்காமல், உடுப்பைத் தோய்க்காமல் போகவேண்டும். அந்த உடுப்பைக் கடதாசிப் பையில் போட்டுக் கொண்டுபோங்கள், பொலித்தீன் பையில் போட்டால் ஈரம் பிடித்துத் தடயம் கெட்டுவிடும். குளித்துவிட்டீர்கள் என்றாலும் பரவாயில்லை, போங்கள். முதலில் பொலிசுக்குப் போய்த்தான் ஆஸ்பத்திரிக்குப் போகவேண்டும் என்று ஒரு சட்டமும் இல்லை, நேரே ஆஸ்பத்திரிக்குப் போகலாம். நடக்க ஏலாத நிலை என்றால் 1990 அம்புலன்ஸ் காசில்லாமல் வரும்.

என் விசயத்தில் இந்த மணித்தியாலக் கணக்கெல்லாம் எப்போதோ கடந்திருந்தது, நான் அங்கே போனதே மாதங்கள் கழித்து. 'ஏன் இவ்வளவு பிந்தி' என்று அந்த வீட்டில் ஒரு முகம் கூடச் சுளிக்கவில்லை. கொலை போன்றவற்றைத் தவிர மற்றக் குற்றங்களுக்கு இலங்கையில் 20 வருடம்வரை வழக்குத் தொடரலாம் என்று ரீச்சர் சட்டப் புத்தகத்தைத் திறந்து காட்டியபோதுதான் எனக்கு மூச்சு வந்தது. அதுவரை எல்லாரும் என்னிடம் 'இனி ஒண்டும் செய்ய ஏலாது' என்றுதான் சொல்லியிருந்தார்கள்.

பொலிஸ் விசயத்துக்கு வருகிறேன். எந்த நிலையம் என்று சொல்லவில்லை. பெண்கள் சிறுவர் பிரிவில்தான் வாக்குமூலம் எடுத்தார்கள், பெண் உத்தியோகத்தர்தான், மரியாதையாகத்தான் பேசினார். ஆனால் நான் தமிழில் சொல்லச் சொல்ல அவர் எழுதினது சிங்களத்தில். தமிழும் அரச கரும மொழி என்று 1987 இல் 13ஆவது திருத்தத்தில் எழுதியாயிற்று, எங்கள் மாவட்டத்தில் தமிழ் பேசுகிறவர்கள்தான் கூட, ஆனாலும் இது இன்னும் நடக்கிறது. எழுதி முடிந்ததும் என் கையில் பேனையைத் தந்தார்கள். அழுதழுது களைத்துப்போய் இருந்தேன், எதில் கையெழுத்துப் போடச் சொன்னாலும் போட்டிருப்பேன். கூட வந்த தங்கச்சி என் கையில் இருந்த பேனையை மெல்ல எடுத்து மேசையில் வைத்துவிட்டு, "மிஸ், முழுக்க வாசிச்சுத் தமிழில சொல்லுங்கோ, பிறகு அவ போடுவா" என்றாள். சத்தம் போடவில்லை, சண்டை பிடிக்கவில்லை, அப்படியே கையைக் கட்டிக்கொண்டு இருந்தாள்.

வாசித்தார்கள். நான் கோயிலில் விளக்கு வைத்து முடிந்த நேரம் என்று சொன்னது இரவு பத்து மணி என்று எழுதப்பட்டிருந்தது. அதற்கு முதல் போனில் இரண்டு தரம் 'வரவேண்டாம்' என்று அந்த ஆளிடம் சொன்னேன் என்பது எழுதப்படவே இல்லை. இரண்டையும் திருத்தி, திருத்தின இடத்தில் நானும் அவரும் சின்னக் கையெழுத்து வைத்தோம். காலம் போய் நான் சாட்சிக் கூண்டில் நிற்கும்போது எதிரி தரப்புச் சட்டத்தரணி முதல் முதல் கையில் எடுத்தது அந்த நேரத்தைத்தான். 'விளக்கு வைத்த நேரமா, நடு ராத்திரியா?' அன்று அந்த மேசையில் பேனையைக் கீழே வைக்க ஒரு ஆள் இல்லாமல் போயிருந்தால் என் வழக்கு அந்த ஒரு வரியிலேயே சரிந்திருக்கும். கூட வருவதென்றால் தோளில் தட்டி ஆறுதல் சொல்வது என்று நினைக்கிறவர்களுக்காகத்தான் இதை இவ்வளவு நீட்டி எழுதுகிறேன்.

சட்ட வைத்திய அதிகாரியிடம் போனபோது ரீச்சர் வந்தார். என் சம்மதம் இல்லாமல் ஒரு பரிசோதனையும் செய்யமுடியாது, நடுவில் நிறுத்தச் சொன்னாலும் நிறுத்தவேண்டும் என்பதை முதல் நாளே சொல்லித் தந்திருந்தார்கள். மாதங்கள் கழித்துப் போய் உடம்பில் என்ன காயம் இருக்கப்போகிறது என்று எனக்குப் பெரிய பயம். சம்மதம் இல்லை என்பதைக் காட்டக் காயம் இருந்தே ஆகவேண்டும் என்பதில்லை, 1995 ஆம் ஆண்டு 22 ஆம் இலக்கத் திருத்தத்தோடு 363 ஆம் பிரிவின் விளக்கத்திலேயே அது எழுதப்பட்டிருக்கிறது என்று வழியில் ஓட்டோவுக்குள் வைத்து ரீச்சர் சொன்னார். பள்ளிக்கூடத்தில் சொல்லித் தருகிற மாதிரியே திருப்பிச் சொல்லவும் வைத்தார். அந்த வசனம் எனக்கு இன்றைக்கும் பாடம்.

அப்புறம் அந்தக் கொப்பி. போகிற ஒவ்வொருவருக்கும் ஒரு சி.ஆர். கொப்பி தருகிறார்கள். முதல் பக்கத்தில் முறைப்பாட்டு இலக்கம், திகதி, எழுதினவரின் இலக்கம். பிறகு ஒவ்வொரு தவணைக்கும் ஒரு பக்கம், யார் வந்தார்கள், யார் வரவில்லை, ஏன் தள்ளிப்போட்டார்கள், அடுத்த திகதி என்ன. கடைசிப் பக்கங்கள் மிரட்டலுக்கு. யார், எங்கே, என்ன சொன்னார், யார் பார்த்தார்கள். என் கொப்பியின் மட்டை கிழிந்து ரீச்சர் பிரவுண் பேப்பர் போட்டுத் தந்திருக்கிறார். பார்க்க ஒன்றுமில்லாத சாமான்தான். ஆனால் வழக்கு என்பது பெரிய ஆட்களுடைய அலுவல், எனக்கு அதில் சொந்தம் இல்லை என்று இருந்த நினைப்பை அந்தக் கொப்பிதான் மாற்றியது. பொலிசில் ஆள் மாறினால் புது ஆளுக்கு முழுக் கதையையும் நான் அழுதுகொண்டு சொல்லத் தேவையில்லை, கொப்பியைத் திறந்து திகதியோடு பேசுவேன்.

காத்திருக்கிற காலத்தைப் பற்றி வெளியில் இருப்பவர்களுக்கு விளங்காது. நீதவான் நீதிமன்றம், அங்கிருந்து வழக்குக் கோவை, அதாவது ஃபைல், சட்டமா அதிபர் திணைக்களத்துக்கு, அங்கே குற்றப்பத்திரிகை தயாராகி மேல் நீதிமன்றத்துக்கு. பொதுவாக இந்த நாட்டில் இதற்கு வருடங்கள் எடுக்கும். இந்த இடைவெளியில்தான் நிறையப் பெண்கள் வழக்கைக் கைவிடுகிறார்கள், கலியாணம் வருகிறது, வெளிநாட்டு வேலை வருகிறது, அம்மாவுக்கு வருத்தம் வருகிறது. நிலையம் செய்கிறது என்னவென்றால், கோவை எந்தக் கட்டத்தில் நிற்கிறது என்று கேட்டுக் கடிதம் எழுத உதவுவார்கள், உங்கள் பெயரில், உங்கள் கையெழுத்தில். கேட்பதற்கு உங்களுக்கு உரிமை இருக்கிறது. பாதிக்கப்பட்டவர்களுக்கும் சாட்சிகளுக்குமான உதவி, பாதுகாப்புச் சட்டம் முதலில் 2015 இல் 4 ஆம் இலக்கமாக வந்து, பிறகு 2023 இல் 10 ஆம் இலக்கமாகப் புதிதாக வந்திருக்கிறது. விசாரணை எங்கே நிற்கிறது என்று அறியும் உரிமை அதில் உண்டு, மிரட்டினால் அதுவே தனிக் குற்றம். எனக்காக நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ளச் சட்டத்தரணி ஒருவரைச் சட்ட உதவி ஆணைக்குழு மூலம் கேட்கவும் அவர்கள்தான் படிவம் நிரப்பித் தந்தார்கள். 1978 ஆம் ஆண்டுச் சட்டத்தில் இருந்தே இருக்கிற ஆணைக்குழு, வசதி இல்லாதவர்களுக்கு இலவசம், எங்கள் சனத்துக்கு இருக்கிறதென்றே தெரியாது.

சமாதானம் பேச வந்த கதையையும் சொல்லவேண்டும். எதிரியின் சொந்தக்காரர் ஒருவர் என் மாமாவைப் பிடித்துக்கொண்டு வந்தார். முதலில் காசு, பிறகு 'அவனுக்கே கட்டிக்குடுத்தால் எல்லாம் சரிதானே' என்கிற கதை. மாமா கெட்டவர் இல்லை, உண்மையாகவே எனக்கு நல்லது செய்கிறதாக நினைத்தார். நான் போன் எடுத்ததும் அக்காவும் ராத்தாவும் பஸ் ஏறி வந்துவிட்டார்கள். மாமாவோடு அவர்கள் பேசிய விதம் எனக்கு இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. "அண்ணை, இது ரெண்டு வீட்டுப் பிரச்சினை இல்ல, அரசாங்கம் போட்ட வழக்கு. நீங்களோ நாங்களோ சமாதானம் பண்ணி முடிக்கிற குற்றம் இல்ல இது. 7 வருசத்தில இருந்து 20 வருசம் வரைக்கும் கடூழியச் சிறை எண்டு சட்டம் சொல்லுது, காணி வேலித் தகராறுக்கு மத்தியஸ்த சபைக்குப் போற மாதிரி இதுக்குப் போக ஏலாது. இவ உங்கட பிள்ளை, பக்கத்தில இருங்கோ." மாமா ஒன்றும் பேசவில்லை. அடுத்த தவணைக்கு அவர் வந்து வெளியில் வேப்பமரத்துக்குக் கீழே நின்றார். வந்தது போதும்.

சாட்சி சொல்கிற நாளுக்கு அவர்கள் என்னைத் தயார்படுத்தினதில் எனக்குப் பிடித்தது, பதில் ஒன்றையும் சொல்லித்தராதது. நானே கெஞ்சிக் கேட்டேன், இப்படிக் கேட்டால் என்ன சொல்வது என்று. அக்கா மறுத்துவிட்டார். "நடந்தது உங்களுக்குத்தான் தெரியும். நான் சொல்லித்தந்தால் அது என்ர சாட்சி." கேள்வியை முழுக்கக் கேள், விளங்காவிட்டால் விளங்கவில்லை என்று சொல், ஞாபகம் இல்லாததை ஞாபகம் இல்லை என்று சொல், நீதிபதியைப் பார்த்துப் பேசு, தண்ணீர் கேட்கலாம். அவ்வளவுதான். வேறொரு வழக்கு இல்லாத நேரமாகப் பார்த்து மன்றுக்குள் கூட்டிப்போய் நீதிபதி எங்கே இருப்பார், மொழிபெயர்க்கிற முதலியார் எங்கே நிற்பார், எதிரிக் கூண்டு எந்தப் பக்கம், எங்கே பார்த்தால் அந்த ஆள் கண்ணில் படமாட்டார் என்று காட்டினார்கள். பொதுமக்களை வெளியில் அனுப்பிவிட்டு விசாரிக்கச் சொல்லிக் கேட்கலாம் என்பதும் அங்கேதான் தெரியும். அரச சட்டத்தரணி கேட்டார், நீதிபதி அனுமதித்தார்.

அன்று காலையில் வராந்தாவில் என்னைச் சுவரோடு இருத்தி, ஒரு பக்கம் ராத்தா, மறு பக்கம் ரீச்சர், முன்னால் அக்கா. எதிரியின் வீட்டுப் பெண்கள் வந்து நின்று என்னைப் பார்த்துக் கதைக்கத் தொடங்கினதும் ரீச்சர் பையில் இருந்து தையல் துணியை எடுத்து, "இந்தக் காஜாவைப் பாருங்கோ, சரியா வந்திருக்கோ" என்று என் மடியில் போட்டார். பேர் கூப்பிடும்வரை நான் அந்தத் துணியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். குறுக்கு விசாரணை எப்படிப் போனது என்பதை நான் எழுதமாட்டேன், வழக்கு இன்னும் முடியவில்லை. 'ஏன் கத்தவில்லை' என்று கேட்டார்கள். என்னால் முடிந்ததைச் சொன்னேன். முடிந்து வெளியில் வந்ததும் நேரே பஸ்ஸுக்கு அனுப்பாமல் டச்பே கடற்கரைக்குக் கூட்டிப்போய் இருத்தினார்கள். 'நல்லாச் சொன்னாய்', 'கெட்டியாய் நிண்டாய்' என்று ஒருவரும் புகழவில்லை, அதுவும் எனக்கு நல்லதாகத்தான் இருந்தது.

அக்கா வெளியில் பேசுகிற வேலையையும் கொஞ்சம் சொல்லவேண்டும், ஏனென்றால் சிலர் அதைப் பார்த்துத்தான் அங்கே போகப் பயப்படுகிறார்கள், தங்களையும் மேடையில் ஏற்றிவிடுவார் என்று. அவர் பள்ளிக்கூடங்களில், கோயில் மண்டபத்தில், கிண்ணியாவில் பெண்கள் கூடுகிற வீடுகளில், பொலிஸ்காரர் இருக்கிற கூட்டங்களில் முகத்தை மறைக்காமல் பேசுகிறார். கேட்பதெல்லாம் நடைமுறை விசயம். வாக்குமூலம் சொல்கிறவளின் மொழியிலேயே எழுதப்படவேண்டும், நீதிமன்றத்தில் எதிரியின் ஆட்களோடு சேர்த்து நிற்கவைக்காமல் தனியாக ஒரு அறை வேண்டும், இந்த வழக்குகளுக்குக் கால எல்லை வேண்டும். 2015 மே மாதம் புங்குடுதீவில் பள்ளிக்கூடம் போன பிள்ளை வன்கொடுமைக்கு ஆளாகிக் கொல்லப்பட்டபோது வடக்கு கிழக்கு முழுக்கச் சனம் தெருவில் இறங்கியது, மூன்று நீதிபதிகள் முன் விசாரணை நடந்து 2017 செப்டெம்பர் 27 இல் ஏழு பேருக்கு மரணதண்டனை தீர்ப்பானது. அக்கா கேட்கிற கேள்வி, உயிரோடு தப்பி வந்து முறைப்பாடு போடுகிறவளுக்கு அந்த வேகம் ஏன் கிடைப்பதில்லை என்பது. இந்தக் கேள்வியை அவர் கேட்கும்போது மண்டபத்தில் ஒரு அசைவு இருக்காது.

ஆனால் எங்களில் ஒருவரையும் அவர் பேசச் சொன்னதில்லை. நான் ஒருநாள் வெட்கத்தோடு, 'என்னால் உங்களைப் போல முகம் காட்ட முடியாது' என்றபோது அவர் பன்வாரி தேவியைப் பற்றிச் சொன்னார். ராஜஸ்தானில் குழந்தைத் திருமணத்தைத் தடுக்கப்போனதற்காக 1992 இல் கூட்டு வன்புணர்வுக்கு ஆளானவர். 1995 இல் கீழ் நீதிமன்றம் அந்தக் குற்றச்சாட்டிலிருந்து எதிரிகளை விடுவித்தது. ஆனாலும் அவருக்கு நடந்ததை வைத்துப் பெண்கள் அமைப்புகள் போட்ட மனுவில்தான் 1997 இல் இந்திய உச்ச நீதிமன்றம் வேலைத்தளத்தில் பாலியல் தொல்லைக்கு எதிரான விசாகா நெறிமுறைகளைக் கொண்டுவந்தது. பிரான்சில் கணவராலும் அவர் கூட்டிவந்த ஆட்களாலும் வன்புணரப்பட்ட ஜிசேல் பெலிகோ 2024 இல் விசாரணையைத் திறந்த மன்றிலேயே நடத்தச் சொல்லி, முகத்தையும் பெயரையும் மறைக்காமல் நாளாந்தம் வந்து இருந்ததையும், அந்த டிசம்பரில் 51 பேரும் குற்றவாளிகளாகக் காணப்பட்டதையும் சொன்னார். "அவையள் முகம் காட்டினவை, நீங்கள் கூண்டில ஏறினனீங்கள். எனக்கு ரெண்டும் ஒண்டுதான்." அதோடு அந்தக் கதையை விட்டுவிட்டார். வெளிநாட்டிலிருந்து யாரோ வந்து பெண்களின் கதையை வீடியோ எடுக்கவேண்டும் என்று கேட்டபோது, அதற்குச் சம்மதிக்காதவர்களை அன்று நிலையத்துக்கு வரவேண்டாம் என்று முன்கூட்டியே போன் பண்ணிச் சொன்னதும் இவர்கள்தான்.

சரி, குறைகள்.

பெரியது இது. உளவளத்துணைக்கு ஒரு மிஸ் வந்துகொண்டிருந்தா. வேறு யாரிடமும் சொல்லாத விசயங்களை அவவிடம்தான் சொல்லத் தொடங்கினேன். பாதியில் ஒரு நாள் போனால் மிஸ் இல்லை, திட்டத்துக்கு வந்த காசு முடிந்துவிட்டது என்றார்கள். ஒரு முன்னறிவித்தல் இல்லை, போய்வருகிறேன் என்ற சொல் இல்லை. வேறு மிஸ் வர கனநாள் எடுத்தது, வந்தபிறகும் நான் முதலில் இருந்து சொல்ல விரும்பவில்லை, இன்றுவரை சொல்லவில்லை. காசு கொடுக்கிற நிறுவனங்கள் இதை வாசிப்பார்கள் என்றால் அவர்களுக்குத்தான் சொல்கிறேன்: வழக்கு வருடக்கணக்கில் ஓடும்போது ஆறு மாதத் திட்டத்துக்கு உளவளத்துணையாளரைப் போடுவது எங்களைத் திறந்துவிட்டு மூடாமல் போவது.

அடுத்தது, தொடக்கத்தில் தவணை விபரத்தை வட்ஸ்அப்பில் அப்படியே அனுப்பிவிட்டார்கள். என் போன் தம்பியின் கையில் இருந்தது, அவனுக்கு அதுவரை ஒன்றும் தெரியாது. அந்த இரவு வீட்டில் நடந்ததை எழுத விரும்பவில்லை. நான் போய்க் கோபமாகச் சொன்னதும் மன்னிப்புக் கேட்டு நடைமுறையை மாற்றினார்கள், இப்போது 'புதன்கிழமை தையல் வகுப்பு உண்டு' என்றுதான் செய்தி வரும். மாற்றினது நல்லது. ஆனால் நீங்கள் போனால் முதல் நாளே, எந்த இலக்கத்துக்கு, எந்த நேரத்தில், எப்படித் தொடர்புகொள்ளலாம் என்பதை நீங்களே சொல்லிவிடுங்கள்.

இரவில் ஆள் இல்லை. சனி ஞாயிறும் இல்லை. இந்தக் கொடுமைகள் கந்தோர் நேரம் பார்த்து நடப்பதில்லை, இரவில் 119 அல்லது ஆஸ்பத்திரிதான் வழி. வெருகல், ஈச்சிலம்பற்றுப் பக்கத்தால் வருகிறவர்களுக்குத் தூரம் பெரிய கஷ்டம். 2009 இல் கிண்ணியாப் பாலம் திறந்தபிறகு மூதூர்ப் பக்கம் போக்குவரத்து லேசாகிவிட்டது உண்மை, ஆனாலும் காலைத் தவணைக்கு இருட்டோடு எழும்பி பஸ் பிடிக்கவேண்டும், பஸ் காசு தருவார்கள், சிலவேளை பிந்தித்தான் கைக்கு வரும். கதைக்கிற அறை மேல் மாடியில், படி செங்குத்து, கால் ஏலாத ஒரு அம்மாவைக் கதிரையோடு தூக்கிக்கொண்டு போனதை நானே பார்த்தேன், அவவுக்கு அது எவ்வளவு சங்கடமாக இருந்திருக்கும். ஆண் பிள்ளைகளுக்கு நடந்தால் இங்கே நேரடிச் சேவை இல்லை, வேறு இடத்துக்கு வழி சொல்வார்கள், அதுவும் போதாது.

இன்னும் ஒன்று, சிலருக்கு இது குறையாகப் படும், எனக்கு இல்லை. இவர்கள் உங்களுக்கு வெற்றி பெற்றுத்தருவோம் என்று சொல்லமாட்டார்கள். என் வழக்கில் தீர்ப்பு எப்படி வரும் என்று எனக்குத் தெரியாது, தீர்ப்பை வைத்து நான் இவர்களை மதிப்பிடவும் இல்லை. ஒவ்வொரு தவணைக்கும் வந்தார்களா என்றால் வந்தார்கள். மழைக்கு வீதி வெள்ளமாய் இருந்த நாளிலும் ராத்தா குடையோடு வந்து நின்றா, அன்று வழக்கு எடுக்கப்படவே இல்லை, கொப்பியில் திகதியை எழுதிவிட்டுத் திரும்பினோம்.

போகிறவர்களுக்கு: முதலில் போன் எடுத்துவிட்டுப் போங்கள், மேல் நீதிமன்றத் தவணை உள்ள நாட்களில் காலையில் வீட்டில் ஆள் இருக்காது, பின்னேரம் இருப்பார்கள். அடையாள அட்டை, கையில் இருக்கிற முறைப்பாட்டுத் துண்டு, ஆஸ்பத்திரித் துண்டு எது இருந்தாலும் கொண்டுபோங்கள், ஒன்றும் இல்லாவிட்டாலும் திருப்பி அனுப்பமாட்டார்கள். காசு ஒரு சதமும் இல்லை. சின்னப் பிள்ளை இருந்தால் கூட்டிக்கொண்டு போகலாம், தையல் வகுப்புப் பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள். முஸ்லிம் பெண் வேண்டுமென்றால் ராத்தா வருகிற நாளைக் கேட்டுப் போங்கள், சிங்களத்தில் கதைக்கவேண்டுமென்றால் அந்தத் தங்கச்சி இருக்கிறாள். வாசலில் யாராவது கேட்டால், தைக்கக் குடுத்த சட்டை எடுக்க வந்தேன் என்று சொல்லுங்கள்.